‘குணமாகிவிட்டாள்’ என்று எந்த மருத்துவர் எழுதித் தருவார்? நான் படித்த கல்லூரிக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய முதல்வர், செயலாளர், விடுதிக் காப்பாளர், ஒழுங்கு நடவடிக்கைக் குழு உறுப்பினர்கள் ஆகியோருக்கு,

கல்லூரியின் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. எழுதினால் அந்த இரண்டு பெண்கள் யாரென்று மறுநாளே ஊருக்குள் தெரிந்துவிடும். இதே மடலைப் பதிவுத் தபாலிலும் அனுப்பியிருக்கிறேன். அதில் என் பெயர், படித்த ஆண்டு, விடுதி அறை எண் எல்லாம் இருக்கின்றன, அதனால் யாருக்கு எழுதியது என்ற சந்தேகம் உங்களுக்கு வராது.

செப்டம்பர் முதல் வாரத்தில் இரண்டாம் ஆண்டு மாணவிகள் இருவரை விடுதியிலிருந்தும் வகுப்பிலிருந்தும் வெளியே அனுப்பினீர்கள். இரவு பத்து மணிக்குமேல் போன் பார்த்தாள் என்று ஒருத்தியின் போனை வாங்கிய காப்பாளர், அதைத் திறக்கச் சொல்லி, அவளும் தோழியும் ஒருவருக்கொருவர் அனுப்பிய வாட்ஸ்அப் செய்திகளை உட்கார்ந்து படித்திருக்கிறார். மறுநாள் இரண்டு வீட்டாரையும் வரவழைத்து, ஒரே அறையில் எதிரெதிரே உட்காரவைத்து, மூன்று பேராசிரியர்கள் முன்னிலையில் அவற்றை வாசித்துக் காட்டியிருக்கிறீர்கள். அப்புறம் கையில் ஓர் ஆணை. அதன் நகல் என்னிடம் இருக்கிறது. "ஓரினச்சேர்க்கை போன்ற தகாத பழக்கத்துக்கு ஆளானதால்" ஒரு பருவம் இடைநீக்கம். "தகுந்த மனநல மருத்துவரிடம் சிகிச்சை பெற்றுக் குணமடைந்ததற்கான சான்றிதழைச் சமர்ப்பித்தால்" மறுபடி சேர்ப்பது பரிசீலிக்கப்படும்.

முதலில் அந்தச் சான்றிதழுக்கு வருகிறேன், ஏனென்றால் அப்படியொன்றை எந்த மருத்துவராலும் எழுதித்தர முடியாது. தன்பாலீர்ப்பு, அதாவது தன் பாலினத்தவர்மேலேயே வரும் ஈர்ப்பு, நோயல்ல என்று அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் 1973லேயே தன் மனநோய்ப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டது. உலக சுகாதார நிறுவனம் 1990ல் எடுத்தது. இந்திய மனநல மருத்துவர் சங்கம் 2018ல் அதையே வெளிப்படையாகச் சொன்னது. 2022 ஆகஸ்டில் தேசிய மருத்துவ ஆணையம், இந்த ஈர்ப்பை ‘மாற்றுகிறேன்’ என்று சிகிச்சை கொடுப்பது தொழில்முறை ஒழுங்கீனம், அப்படிச் செய்யும் மருத்துவர்மீது நடவடிக்கை எடுக்கலாம் என்று எல்லா மாநில மருத்துவக் கவுன்சில்களுக்கும் எழுதியது. 2017ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டமோ, ஊரின் ஒழுக்க நெறிக்கும் பண்பாட்டுக்கும் ஒத்துப்போகவில்லை என்பதற்காக ஒருவருக்கு மனநோய் என்று முடிவுகட்டக் கூடாது என்கிறது. நேர்மையான மருத்துவர் ஒருவரால் இந்தப் பெண்களைப் பற்றி ‘இவருக்கு நோய் எதுவும் இல்லை’ என்றுதான் எழுத முடியும். அது நீங்கள் கேட்கும் வாசகம் இல்லை. நேர்மையில்லாதவர் வேண்டுமானால் எழுதுவார், அதற்குப் பணம் வாங்குவார்.

வாங்கவும் தொடங்கிவிட்டார். ஒரு பெண்ணின் வீட்டார் உங்கள் ஆணையைக் கையில் பிடித்துக்கொண்டு ஏதோ ஒரு கவுன்சிலிங் மையத்துக்குப் போயிருக்கிறார்கள். பதினைந்து முறை வரவேண்டும், மொத்தப் பணத்தையும் முன்னாலேயே கட்டவேண்டும் என்றார்களாம். அப்பா தினக்கூலிக்குப் போகிறவர், கம்மலை அடகு வைத்துக் கட்டியிருக்கிறார்கள். காலேஜே சொல்லும்போது நாம் எப்படி முடியாது என்று சொல்வது என்று அந்த அம்மா கேட்டாராம். இன்னொரு பெண்ணை வெளியூரில் பெரியப்பா வீட்டில் கொண்டுபோய் விட்டிருக்கிறார்கள். போன் கிடையாது, வாசலுக்கு வரக் கூடாது. எனக்குத் தகவல் சொன்னது இந்த இருவரில் ஒருத்தியின் அக்கா. அவளும் நம் கல்லூரியில் படித்தவள்தான், பழைய மாணவிகள் குழுவில் இருந்து என் எண்ணை எடுத்திருக்கிறாள். அந்தக் குழுவில் நீங்கள் புது விடுதிக் கட்டடத்துக்கு நன்கொடை கேட்டுச் செய்தி போட்ட அதே வாரம் அவள் அழைப்பு வந்தது.

வெளியிலிருந்து குறை சொல்ல நீ யார் என்று நீங்கள் கேட்கலாம். நான் வெளியில் இருப்பவள் இல்லை. இதே காரியத்தை 1998ல் இதே விடுதியில் தொடங்கிவைத்தவள் நான்தான். இதுவரை மூன்று பேரிடம் மட்டும் சொல்லியிருக்கிறேன்.

அப்போது கணிதம் மூன்றாம் ஆண்டு. விடுதியில் மெஸ் செகரெட்டரி. காய்கறிக் கணக்கு எழுதுவது, கேஸ் தீர்ந்தால் சொல்வது, தினமும் காலையில் சாப்பாட்டு அறை வாசலில் இருக்கும் கரும்பலகையில் அன்றைக்கு என்ன சமையல் என்று எழுதுவது என் வேலை. என் வகுப்புத் தோழி ஒருத்தி எனக்குப் பக்கத்துக் கட்டில். இரண்டு வருடம் ஒரே எண்ணெய், ஒரே சீப்பு, ஊரிலிருந்து முறுக்கு வந்தால் பாதி எனக்கு. மூன்றாம் வருடம் அவள் விலங்கியல் படித்த ஒரு பெண்ணோடு அதிகம் இருக்க ஆரம்பித்தாள். ஒருநாள் இரவு படிப்பு நேரம் முடிந்து மொட்டை மாடியில் காயப்போட்ட துணியை எடுக்கப் போனேன். தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் இருவரும் உட்கார்ந்திருந்தார்கள். விலங்கியல் பெண் மடியில் தலைவைத்து இவள் அழுதுகொண்டிருந்தாள். வீட்டில் மாப்பிள்ளை பார்க்க ஆரம்பித்திருந்தார்கள், அதற்காக. அந்தப் பெண் குனிந்து இவள் நெற்றியில் முத்தம் கொடுத்தாள். நான் பார்த்தது இவ்வளவுதான்.

கீழே வந்து ஒரு சீட்டில், மொட்டை மாடியில் இருவர் தினமும் தவறாக நடந்துகொள்கிறார்கள் என்று எழுதி, இரண்டு பெயரையும் எழுதி, வார்டன் அறைக் கதவின் அடியில் தள்ளிவிட்டேன். ‘தினமும்’ என்ற சொல் என் சொந்தச் சேர்க்கை. ‘தவறாக’ என்பதும். விடுதியின் நல்ல பெயருக்காகத்தான் செய்தேன் என்று பல வருடம் நினைத்துக்கொண்டிருந்தேன். இப்போது யோசித்தால் பாதி பொறாமை. முறுக்கில் பாதி வேறு கைக்குப் போய்விட்டதே என்கிற அற்பப் பொறாமை.

அதற்கப்புறம் நடந்ததில் உங்கள் செப்டம்பருக்கும் எங்கள் 1998க்கும் ஒரே வித்தியாசம், அன்றைக்கு போன் இல்லை. பெட்டியைத் திறந்து நோட்டுகளைப் பார்த்தார்கள். வீட்டாரை வரவழைத்தார்கள். இருவருக்கும் டிசி கொடுத்தார்கள், அதில் நடத்தை என்ற இடத்தில் ‘திருப்தியில்லை’ என்று எழுதிக் கொடுத்தார்கள். என் தோழி வீட்டில் கொஞ்சம் வசதி. மதுரைக்குக் கூட்டிப்போய் மருத்துவம் பார்த்தார்கள். விலங்கியல் பெண்ணுக்கு அப்பா இல்லை, கல்வி உதவித்தொகையில் படித்தவள். அந்த டிசியை வைத்துக்கொண்டு எந்தக் கல்லூரியும் சேர்க்கவில்லை. திண்டுக்கல் பக்கம் ஒரு நூற்பாலையில் வேலைக்குச் சேர்ந்தாள் என்று கேள்விப்பட்டோம். அதோடு சரி. ஒரே ‘குற்றம்’, ஒரே தண்டனை, ஆனால் யார் வீட்டில் என்ன இருந்ததோ அதைப் பொறுத்து விழுந்த அடி மாறியது. இப்போதைய இருவரில் ஒருத்தி வீட்டில் முதல் பட்டதாரியாக வரவேண்டியவள். அரசின் புதுமைப்பெண் திட்டத்தில் மாதம் 1000 ரூபாய் வருகிறது, அதுதான் அவளுடைய பஸ் செலவும் புத்தகச் செலவும். படிப்பு நின்றால் அந்தப் பணமும் நின்றுபோகும் என்பதை ஆணை எழுதியவர் யோசித்திருப்பாரா என்று தெரியவில்லை.

2019ல் ஒரு கல்யாண வீட்டில் என் தோழியைப் பார்த்தேன். இருபத்தொரு வருடம். பந்தியில் எனக்கு எதிர் வரிசையில் உட்கார்ந்திருந்தாள். கை கழுவும் இடத்தில் அவளாகத்தான் வந்து பேசினாள். நலம் விசாரித்தாள், பிள்ளைகள் எத்தனை என்று கேட்டாள். பிறகு சாதாரணமாகச் சொன்னாள்: "வார்டன் அந்தச் சீட்டை என்கிட்ட காட்டினாங்க. மெனு போர்டுல தினம் பார்க்குற கையெழுத்து. சாம்பார்ல நீ போடுற ‘ம்’ எனக்குத் தெரியாதா?" இருபத்தொரு வருடமும் அவளுக்குத் தெரிந்திருக்கிறது.

மண்டபத்துக்கு வெளியே ஒரு வேப்பமரத்தடியில் உட்கார்ந்து இரண்டு மணிநேரம் பேசினோம். அவளுக்கு மாத்திரை கொடுத்திருக்கிறார்கள், என்ன மாத்திரை என்று இன்றுவரை அவளுக்குத் தெரியாது. மாத்திரை சரிப்படவில்லை என்று ஒரு பூசாரியிடம் கூட்டிப்போயிருக்கிறார்கள். ஆறாவது மாதம் கல்யாணம். "அந்த ஆறு மாசம் எனக்கு ஞாபகமே இல்லடி. கல்யாண ஆல்பத்தைப் பார்த்தாத்தான் எனக்குக் கல்யாணம் ஆனது தெரியும்" என்றாள். அந்த மனிதரைப் பற்றி ஒரு வார்த்தை தவறாகச் சொல்லவில்லை. அவரும் பாவம், தன்மேல் என்ன குறை என்று தெரியாமலே ஐந்து வருடம் கழித்தார், 2004ல் விவாகரத்து ஆனது என்றாள். இப்போது தையல் கடை வைத்திருக்கிறாள். ஈர்ப்பு மாறிற்றா என்று நான் கேட்கவில்லை, கேட்க எனக்கு என்ன யோக்கியதை. அவளே சொன்னாள், மாறவில்லை என்று.

அன்றைக்கு வீட்டுக்கு வந்த பிறகுதான் இதைப் பற்றி ஒழுங்காகப் படிக்க ஆரம்பித்தேன். நாற்பது வயதுக்குமேல். அதனால் உங்களுக்குத் தெரியவில்லை என்பதை நான் குற்றமாகச் சொல்லவில்லை. தெரிந்துகொள்ளாமலே ஆணை போடுவதைத்தான் சொல்கிறேன்.

உங்கள் ஆணையில் இருக்கும் அந்தச் சொல்லையே எடுத்துக்கொள்ளுங்கள். ‘ஓரினச்சேர்க்கை.’ சேர்க்கை என்றால் செயல். நீங்கள் படித்த செய்திகளில் என்ன இருந்தது என்று அக்கா சொன்னாள். சாப்பிட்டாயா, தலைவலி எப்படி இருக்கிறது, நீ இல்லாத ஞாயிறு போகவே மாட்டேன் என்கிறது. இதில் எங்கே செயல்? ஒரு பெண்ணின் மனம் யார் பக்கம் சாய்கிறது என்பதைச் சொல்லத்தான் தமிழில் ‘தன்பாலீர்ப்பு’ என்று ஒரு சொல் உண்டாகி, 2022ல் தமிழ்நாடு அரசே இதுபோன்ற சொற்களைத் தொகுத்து அரசிதழில் வெளியிட்டது. சொல் மாறினால் எல்லாம் மாறிவிடும் என்று நான் நம்பவில்லை. ஆனால் ‘சேர்க்கை’ என்று எழுதும்போதே படிக்கிறவர் மனதில் ஒரு படுக்கையறை வந்துவிடுகிறது, அப்புறம் அந்தப் பெண் மனுஷியாகத் தெரிவதில்லை.

இன்னொன்று. அந்தக் கூட்டத்தில் காப்பாளர் ஒரு தாயிடம், உங்கள் பெண் ஆம்பளையாக மாறப் பார்க்கிறாள் என்று சொல்லியிருக்கிறார். இரண்டும் வேறு வேறு. நான் ஆணா, பெண்ணா, வேறா என்று ஒருவர் தன்னை உணர்வது பாலின அடையாளம். திருநங்கையர், திருநம்பியர் விஷயம் அது. இந்தியாவிலேயே முதலில், 2008ல், திருநங்கையருக்கு நலவாரியம் அமைத்த மாநிலம் நம்முடையது, அதனால் அதுபற்றி ஓரளவாவது நமக்குப் பரிச்சயம் இருக்கிறது. யார்மேல் நாட்டம் வருகிறது என்பது பாலீர்ப்பு. இந்தப் பெண்கள் இருவரும் தங்களைப் பெண்ணாகவே உணர்கிறார்கள், பெண்மேல் நாட்டம் கொள்கிறார்கள். இரு பாலரிடமும் ஈர்ப்பு வருகிறவர்கள் உண்டு. யார்மேலும் வராதவர்களும் உண்டு. என் சித்தி ஒருவர் அறுபது வயதில், "எனக்கு யாருமேலயும் அப்படித் தோணினதே இல்லைடி, கல்யாணம் வேண்டாம்னு சொன்னா காதல் தோல்வியான்னு கேட்டாங்க" என்று சிரித்தார். அவர் வாழ்நாள் முழுக்க அந்தக் கற்பனைக் காதலனுக்காக ஊரார் அனுதாபப்பட்டார்கள்.

மனிதர்களை இந்தப் பக்கம், அந்தப் பக்கம் என்று இரண்டு கட்டத்தில் அடைக்க முடியாது என்று அமெரிக்க ஆய்வாளர் ஆல்ஃபிரட் கின்சி 1948லேயே பூஜ்யத்திலிருந்து ஆறு வரை ஓர் அளவுகோல் போட்டுக் காட்டினார். கணிதம் படித்தவள் என்பதால் எனக்கு அது உடனே பிடித்துப்போனது. அதைவிடப் பிடித்தது 1957ல் எவலின் ஹூக்கர் என்ற உளவியலாளர் செய்த ஆய்வு. தன்பாலீர்ப்புள்ள ஆண்கள் 30 பேர், எதிர்பாலீர்ப்புள்ள ஆண்கள் 30 பேர், இருவகையினருக்கும் ஒரே உளவியல் சோதனைகள். முடிவுகளைப் பெயர் மறைத்துத் துறை வல்லுநர்களிடம் கொடுத்தார். எது யாருடையது என்று அவர்களால் பிரித்துச் சொல்ல முடியவில்லை. வல்லுநர் கண்ணுக்கே தெரியாத கோளாறு நம் ஒழுங்கு நடவடிக்கைக் குழுவுக்கு ஒரே மத்தியானத்தில் தெரிந்துவிட்டது!

ஏன் இப்படி இருக்கிறார்கள் என்று கேட்டால் ஒற்றை வரியில் பதில் கிடையாது. 2019ல் நாலே முக்கால் லட்சம் பேரின் மரபணுக்களை வைத்துச் செய்த பெரிய ஆய்வு, இதற்கென்று தனி ஒரு மரபணு இல்லை, சின்னச் சின்னதாகப் பலவும் சூழலும் சேர்ந்தது என்றது. சரி, எதிர்பாலீர்ப்பு ஏன் வருகிறது என்று யாராவது நம்மிடம் காரணம் கேட்டிருக்கிறார்களா? இது ஒரு கட்டம், கடந்துபோய்விடும் என்று உங்களில் ஒருவர் சொன்னாராம். சிலருக்கு வயதோடு நாட்டம் மாறுவதும் உண்டு, மறுக்கவில்லை. கடந்துபோனால் போகட்டும், இருந்தால் இருக்கட்டும். இரண்டில் எதற்காகவும் ஒரு செமஸ்டரைப் பிடுங்க வேண்டியதில்லை.

மற்ற பிள்ளைகள் கெட்டுவிடுவார்கள் என்பது உங்கள் முக்கியக் கவலை. இதற்கு நானே சாட்சி. என் தோழிக்குப் பக்கத்துக் கட்டிலில் இரண்டரை வருடம் தூங்கியவள், எனக்கு ஒன்றும் தொற்றவில்லை, ஓர் ஆணைக் காதலித்துக் கல்யாணம் செய்துகொண்டேன். அவளோ பிறந்ததிலிருந்து ஆண் பெண் கதைகளை மட்டுமே கேட்டு, ஆண் பெண் சினிமாவை மட்டுமே பார்த்து வளர்ந்தவள். அவளுக்கும் தொற்றவில்லை.

உண்மையில் விடுதியைக் கெடுத்தது எது என்று சொல்லட்டுமா? சீட்டு போன வாரத்துக்குப் பிறகு, ஞாயிற்றுக்கிழமை எண்ணெய் தேய்த்துக் குளித்துவிட்டு வரிசையாகப் படிக்கட்டில் உட்கார்ந்து ஒருத்திக்கு ஒருத்தி தலை பின்னிவிடும் வழக்கம் நின்றுபோனது. யாரும் சொல்லி நிறுத்தவில்லை. யார் கையை யார் தொட்டாலும் மற்றவர்கள் பார்த்தார்கள். காய்ச்சல் வந்தவளின் கட்டிலில் உட்கார்ந்து கஞ்சி கொடுக்கக்கூடத் தயங்கினோம். இப்போது நீங்கள் அதைச் சுற்றறிக்கையாகவே போட்டிருக்கிறீர்கள்: ஒரு கட்டிலில் இருவர் உட்காரக் கூடாது, அறைகளின் உள்தாழ்ப்பாள்கள் அகற்றப்படும், ஒரே இருவர் இரண்டு வருடம் தொடர்ந்து ஒரு அறையில் இருக்கக் கூடாது. தாழ்ப்பாள் இல்லாத அறையில் பெண்பிள்ளைகள் உடை மாற்றுவது எப்படி என்று பெண்கள் கல்லூரிக்கு நான் விளக்க வேண்டியிருக்கிறதே.

பெற்றோரிடம் சொல்வது எங்கள் கடமை என்கிறீர்கள். இந்தப் பெண்கள் பத்தொன்பது வயதானவர்கள், சட்டப்படி மேஜர். 2017ல் அந்தரங்க உரிமை வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் அமர்வு, ஒருவரின் பாலீர்ப்பு அவருடைய அந்தரங்கத்தின் இன்றியமையாத கூறு என்று சொல்லியிருக்கிறது. வீட்டில் எப்போது சொல்வது, சொல்வதா வேண்டாமா என்பதை முடிவுசெய்ய வேண்டியவள் அவள். நீங்கள் சொன்னதால்தான் ஒருத்தி இன்றைக்கு வீட்டுச் சிறையில் இருக்கிறாள். அப்படி அடைத்துவைப்பது சின்ன விஷயம் இல்லை. 2025 மே மாதம் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஒரு பெண் தன் இணையை அவள் வீட்டார் பிடித்து வைத்திருப்பதாக ஆட்கொணர்வு மனு போட்டார். நீதிபதிகள் ஜி.ஆர். சுவாமிநாதனும் வி. லட்சுமிநாராயணனும் அந்த 25 வயதுப் பெண்ணிடமே பேசி, அவர் விருப்பப்படி போகலாம் என்று அனுப்பினார்கள். கல்யாணம் ஒன்றுதான் குடும்பம் அமைக்கும் வழி என்று இல்லை, தேர்ந்தெடுத்த குடும்பம் என்பதும் உண்டு என்றும் அந்தத் தீர்ப்பில் சொன்னார்கள். இத்தனைக்கும் 2023ல் தன்பாலினத் திருமணத்தை உச்ச நீதிமன்றம் அங்கீகரிக்கவில்லை. திருமண உரிமை இன்னும் இல்லை என்பதால் படிக்கும் உரிமையும் இல்லை என்று ஆகிவிடாது.

இது குற்றம் என்று நினைத்துக்கொண்டிருப்பவர்கள் குழுவில் இன்னும் இருக்கலாம். 2018 செப்டம்பர் 6ஆம் தேதியோடு அது முடிந்தது. இசைவுள்ள வயதுவந்தோர் விஷயத்தில் இந்திய தண்டனைச் சட்டத்தின் 377ஆவது பிரிவு செல்லாது என்று உச்ச நீதிமன்றம் சொன்ன அந்தத் தீர்ப்பில் நீதிபதி இந்து மல்ஹோத்ரா, இவர்களுக்கும் இவர்களுடைய குடும்பத்தாருக்கும் வரலாறு மன்னிப்புக் கேட்கக் கடமைப்பட்டிருக்கிறது என்று எழுதினார். குடும்பத்தாருக்கும் என்று அவர் சேர்த்து எழுதியதைக் கவனியுங்கள். கம்மலை அடகு வைத்த அந்த அம்மாவை நினைத்துத்தான் இதைச் சொல்கிறேன்.

இதெல்லாம் மேல்நாட்டு இறக்குமதி, நம் பண்பாடு இல்லை என்றும் கூட்டத்தில் பேச்சு வந்ததாம். இறக்குமதியானது அந்தச் சட்டம்தான். 1860ல் வெள்ளைக்காரர் எழுதிவைத்தது, அவர்கள் நாட்டிலேயே கைவிட்ட பிறகும் நாம் பத்திரமாக வைத்திருந்தோம். இதற்குப் பதிலாகப் பிசிராந்தையாரையும் கோப்பெருஞ்சோழனையும் சாட்சிக்கு அழைப்பவர்கள் உண்டு. நான் அழைக்கப்போவதில்லை, அவர்கள் நட்பு நட்பாகவே இருந்துவிட்டுப் போகட்டும். பழைய காலத்தில் ஆதாரம் இருந்தால்தான் பத்தொன்பது வயதுப் பெண்ணை வகுப்பில் உட்காரவைப்போம் என்பது என்ன நியாயம்?

உங்களுக்கு நான் காட்ட விரும்பும் முன்னுதாரணம் வேறு. மதுரையைச் சேர்ந்த இரண்டு பெண்கள் வீட்டுக்குப் பயந்து சென்னைக்கு வந்து, போலீஸ் தொந்தரவு கூடாது என்று உயர் நீதிமன்றம் போனார்கள். 2021ல் அந்த வழக்கு நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ் முன்னால் வந்தது. தன்பாலீர்ப்பை முழுதாகப் புரிந்துகொள்ளாத பெரும்பான்மையில் தானும் ஒருவர்தான் என்று அவர் நீதிமன்ற ஆணையிலேயே ஒப்புக்கொண்டார். தீர்ப்பு எழுதுமுன் ஓர் உளவியலாளரிடம் தானே போய் உட்கார்ந்து பாடம் கேட்டார். அந்தப் பெண்களிடமும், அவர்கள் பெற்றோரிடமும் பேச ஏற்பாடு செய்தார். 2021 ஜூன் 7ஆம் தேதி வந்த ஆணையில் இந்த ஈர்ப்பை ‘குணப்படுத்தும்’ முயற்சிகளுக்குத் தடை சொன்னார், பள்ளி கல்லூரிகள் என்ன செய்யவேண்டும் என்றும் எழுதினார். நீதிபதி நாற்காலியில் இருப்பவர் எனக்குத் தெரியவில்லை, கற்றுக்கொண்டு வருகிறேன் என்று சொன்னார். நம் குழு கூடியது ஒரே ஒரு மதியம், அதுவும் சாப்பாட்டுக்குப் பிறகு.

சட்டம் வேண்டாம், விதி வேண்டும் என்றால் அதுவும் இருக்கிறது. பல்கலைக்கழக மானியக் குழுவின் ராகிங் தடுப்பு விதிமுறைகளில் 2016ல் ஒரு திருத்தம் வந்தது. சாதி, மதம், நிறம், ஊர் இவற்றோடு பாலீர்ப்பின் பெயரால் ஒரு மாணவரை மனதாலோ உடலாலோ வதைப்பதும் ஒதுக்குவதும் ராகிங்தான் என்று அது சொல்கிறது. இந்த இரண்டு பெண்களின் செய்திகளைப் படம் பிடித்து வகுப்புக் குழுக்களில் பரப்பியிருக்கிறார்கள். அந்தப் படங்கள் யார் கையிலிருந்து போயின என்று இதுவரை ஒருவரையும் கூப்பிட்டு விசாரித்ததாகத் தெரியவில்லை. நுழைவாயிலில் ‘ராகிங் இல்லாத வளாகம்’ என்று பெரிய பலகை வைத்திருக்கிறீர்கள்.

இனி என் கோரிக்கைகள். இடைநீக்க ஆணையை உடனே ரத்துசெய்து, இருவரையும் வகுப்பிலும் விடுதியிலும் சேர்த்துக்கொள்ளுங்கள். நவம்பரில் செமஸ்டர் தேர்வு, 75 சதவீத வருகை இல்லாவிட்டால் எழுத முடியாது, ஆகவே நீங்கள் வெளியே நிறுத்திய நாட்கள் எல்லாவற்றுக்கும் வருகை கொடுத்தாக வேண்டும். தேர்வுக் கட்டணம் கட்டக் கடைசி நாளுக்குள் இது நடக்கவேண்டும், அடுத்த குழுக் கூட்டம் வரை காத்திருக்க நேரமில்லை. சான்றிதழ் நிபந்தனையைத் திரும்பப் பெற்றுக்கொண்டதாக இரண்டு வீட்டுக்கும் எழுத்தில் சொல்லுங்கள். வாயால் சொன்னால் போதாது, ஏனென்றால் கவுன்சிலிங் மையத்தில் கட்டிய பணத்தைத் திருப்பிக் கேட்க அந்த அப்பாவுக்கு ஒரு காகிதம் வேண்டும். பெரியப்பா வீட்டில் இருக்கும் பெண்ணை முதல்வரே நேரில் போய், அல்லது நம்பிக்கையான பேராசிரியர் ஒருவரை அனுப்பி, அழைத்து வாருங்கள். அவள் வர விரும்பினால் மட்டும். அவளிடம் தனியாகக் கேட்டுவிட்டு.

விடுதிச் சுற்றறிக்கையைத் திரும்பப் பெறுங்கள், தாழ்ப்பாள்களைத் திரும்பப் பொருத்துங்கள். மாணவிகளின் போனைத் திறந்து படிக்கக் கூடாது என்று காப்பாளர்களுக்கு எழுத்துமூலம் உத்தரவு கொடுங்கள். செய்திகளைப் பரப்பியது யார் என்று ராகிங் தடுப்புக் குழு விசாரிக்கட்டும். அடுத்த மாதம் ‘ஒழுக்கமும் இளமையும்’ என்று பேச வருவதாக நீங்கள் அறிவித்திருக்கும் பேச்சாளர், இதை மூன்றே மாதத்தில் மாற்றிக் காட்டுவதாக மேடைகளில் சொல்கிறவர். அந்தக் கூட்டத்தை ரத்துசெய்துவிட்டு, அரசு மருத்துவக் கல்லூரி மனநலத் துறையிலிருந்து ஒருவரை அழையுங்கள். சென்னையில் ஓரினம் போன்ற அமைப்புகள் இருபது வருடத்துக்கு மேலாகத் தமிழிலேயே இதைப் பற்றிப் பேசுகிறார்கள், அவர்களையும் கூப்பிடலாம். முதல் வரிசையில் மாணவிகள் உட்கார வேண்டியதில்லை, குழு உறுப்பினர்கள் உட்காரட்டும். இதெல்லாம் நடந்த பிறகு புது விடுதிக் கட்டடத்துக்கு என் பங்கைத் தருகிறேன்.

கடைசியாக ஒன்று, இது 1998ஐப் பற்றியது. விலங்கியல் படித்த அந்தப் பெண் இப்போது எங்கே என்று எனக்கும் தெரியாது, என் தோழிக்கும் தெரியாது. அவளுடைய டிசியில் ‘திருப்தியில்லை’ என்று எழுதியதற்கு இருந்த ஒரே ஆதாரம் என் சீட்டு. அந்தச் சீட்டு பொய் என்று நான் கையெழுத்துப் போட்டுத் தருகிறேன். அலுவலகத்தில் அந்த வருடக் கோப்பை எடுத்து, இருவருக்கும் புதிதாக ஒரு நடத்தைச் சான்றிதழ் தயார்செய்து வையுங்கள். ஒருவேளை என்றாவது அவள் கேட்டு வந்தால் கொடுக்க இருக்கட்டும். எந்த வேலைநாளில், எத்தனை மணிக்கு நான் வரவேண்டும் என்று மட்டும் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
முன்னாள் மெஸ் செகரெட்டரி,
கணிதம், 1996–99